ஏரி வத்தினாலும் காத்திருக்கும் நாலு இலை!

ஸ்ரீபெரும்புதூர், ஒரகடம் பக்கம் ஷிஃப்ட் பஸ்ஸில் போய் வர்றவரா நீங்க? கம்பெனி காம்பவுண்டுகளுக்கு நடுவே இன்னமும் ஏரியும் வயலும் தெரியும். அந்தக் கரையோரச் சேற்றில், காம்புக்கு நாலு இலையோடு ஒரு குட்டிச் செடி நின்றால், அதுதான் ஆரைக்கீரை.

'ஆஹா, அதிர்ஷ்டம் தர்ற ஃபோர் லீஃப் க்ளோவர்!'னு ஸ்டோரி போட்டுடாதீங்க. க்ளோவரில் நாலு இலை அபூர்வம். ஆரையில் நாலுதான் வழக்கம். புளியாரையும் இது இல்லை. அதற்கு மூணு இலை, மஞ்சள் பூ. ஆரை பூக்கவே பூக்காது. ஏன்னா, இது ஃபெர்ன் எனப்படும் பெரணி இனம். தாவரவியலில் மார்சீலியா. பெரணின்னா ஊட்டி, கொடைக்கானல்தான் ஞாபகம் வரும். இது நம்ம சமவெளிப் பெரணி!

ஏரியில் தண்ணி ஏறினால் காம்பை நீட்டி இலையை மிதக்கவிடும். தண்ணி இறங்கினால் சேற்றில் நிமிர்ந்து நிற்கும். ராத்திரியானால் இலையை மடக்கிக்கொள்ளும்.

கோடையில் ஏரியே காய்ந்துவிட்டால்? இலை கருகிவிடும். ஆனால், காம்பின் அடியில் மிளகு அளவில் கெட்டியான காய்கள் மிஞ்சும். உள்ளே விதைக்குப் பதிலாக 'ஸ்போர்' எனும் நுண்வித்துகள். ஓடு அவ்வளவு உறுதி. உலர்த்திச் சேமித்த மார்சீலியா காய்கள் 100 ஆண்டு கழித்தும் முளைத்திருக்கின்றன! ஓடு தேய்ந்து தண்ணி உள்ளே போனதும், ஜெல்லி போன்ற இழை ஒன்று புழு மாதிரி வெளியே நீளும். அதில்தான் வித்துகள் ஒட்டியிருக்கும்.

ஆக, நிரம்பி வற்றும் ஏரிதான் இதன் வீடு. இருங்காட்டுக்கோட்டையில் ஹூண்டாய் 1998-ல் உற்பத்தியைத் தொடங்கியது. ஒரகடத்தில் ரெனோ - நிஸான் 2010-ல். வேலை வந்தது, ஊர் வளர்ந்தது, நிலத்தின் விலையும் ஏறியது. வற்றிய ஏரிக்கரை இப்போது பலர் கண்ணுக்கு 'சும்மா கிடக்கிற இடம்'. வறட்சியை ஆரை தாங்கும். மேலே லாரி லாரியாக மண்ணைக் கொட்டி மேடாக்கினால், எந்த மழை வந்தும் அது எழ முடியாது.

கிராமங்களில் இதைப் பறித்துக் கூட்டு, பொரியல் செய்வார்கள். கழிவுநீர் கலக்கும் இடத்தில் மட்டும் பறிக்காதீங்க; தண்ணியில் உள்ள உலோகங்களை இது உறிஞ்சிக்கொள்ளும்.

வடகிழக்குப் பருவமழை முடிந்ததும் உங்க ஏரிக்கரைப் பக்கம் ஒரு நடை போய்ப் பாருங்க. நாலு இலை தென்பட்டால், அந்தக் கரைக்கு இன்னும் உயிர் இருக்குன்னு அர்த்தம்.