நிலம் யாருக்கு? – 9: ஏழு பேர்ச் காணி

1977 மே மாதம். இலங்கை மலையகத்தின் டெவன் தோட்டம். நுவரெலியா மாவட்டத் தேயிலைத் தோட்டங்களிலிருந்து 7,000 ஏக்கரைப் பிரித்து வெளியாருக்குக் கொடுப்பது என்று அரசு முடிவெடுத்திருந்தது. அதை எதிர்த்துத் தொழிலாளர்கள் திரண்டார்கள். போலீஸ் சுட்டது. சிவனு லெட்சுமணன் என்ற தொழிலாளி விழுந்து இறந்தார். நிலப் பங்கீடு அத்தோடு நின்றது. மலையகம் இன்றைக்கும் அவரைத் தியாகி என்றே நினைவுகூர்கிறது.

அந்த மலையில் லெட்சுமணனுக்குச் சொந்தமாக ஒரு பிடி மண் கூடக் கிடையாது. தோட்டம் துண்டானால் வேலை போகும். வேலை போனால், தோட்டம் கொடுத்த வரிசை வீடான லயத்தின் கூரையும் போகும். சொந்தமில்லாத மண்ணைக் காக்க ஒரு மனிதன் ஏன் நெஞ்சைக் காட்ட வேண்டியிருந்தது என்பதற்குப் பதில் இந்த இரண்டு வரியில் இருக்கிறது.

சென்ற வாரம் கேரளத்தைப் பார்த்தோம். ஜன்மி என்ற நிலவுடைமையாளரின் நிலத்தில் குடிசை போட்டிருந்த குடிகிடப்புக்காரருக்கு, கிராமப்புறத்தில் 10 சென்ட் வரை வாங்கிக்கொள்ளும் உரிமையை அங்கே சட்டம் கொடுத்தது. ‘இந்த இடத்தில் குடியிருப்பவர் யார்?’ என்று அந்தச் சட்டம் கேட்டது. அதே காலத்தில் இலங்கையும் நிலச் சீர்திருத்தம் செய்தது. பரப்பளவில் அது மிகப் பெரியது. ஆனால் இந்தக் கேள்வியை அது கேட்கவில்லை.

கதை 1840-ல் தொடங்குகிறது. அந்த ஆண்டின் 12-ஆம் இலக்கக் கட்டளைச் சட்டம், காடும் தரிசும் பயிரில்லாத நிலமும் வேறு விதமாக நிரூபிக்கப்படும் வரை பிரிட்டிஷ் முடியரசுக்கே சொந்தம் என்று சொன்னது. நிரூபிக்கும் சுமை கிராமத்தார் தலையில் விழுந்தது. கண்டிச் சிங்கள விவசாயிக்கு வயலோடு, வெட்டி எரித்துச் சேனைப் பயிர் செய்யவும் மாடு மேய்க்கவும் விறகு எடுக்கவும் காடு இருந்தது. அது வழக்கத்தால் வந்த பாத்தியதை. அதற்குப் பத்திரம் ஏது? பத்திரம் இல்லாத காடு முடியரசின் காடானது. அதைக் காப்பி பயிரிட வந்த வெள்ளைக்காரர்கள், ஆரம்ப காலத்தில் ஏக்கர் ஐந்து ஷில்லிங்குக்கு வாங்கினார்கள். வாங்கியவர்களில் ஆளுநரும் அதிகாரிகளும் இருந்தார்கள்.

நிலம் கிடைத்துவிட்டது, ஆள் வேண்டும். கங்காணிகள் தமிழகத்துக் கிராமங்களிலிருந்து கடனும் ஆசையும் காட்டிக் கூட்டி வந்தார்கள். இராமநாதபுரம் கரையிலிருந்து தோணியில் தலைமன்னார். அங்கிருந்து காட்டு வழியே மாத்தளை வரை நடை. காலராவிலும் பசியிலும் வழியிலேயே விழுந்தவர்கள் ஏராளம். 1869-ல் காப்பிச் செடியை இலைநோய் தாக்கியது. பிறகு தேயிலை வந்தது. தேயிலைக்கு ஆண்டு முழுவதும் கொழுந்து கிள்ள வேண்டும் என்பதால், பருவத்துக்கு வந்து திரும்பியவர்கள் குடும்பம் குடும்பமாக லயங்களில் தங்கிப்போனார்கள்.

ஆக, ஒரே சட்டம் இரண்டு மக்களைக் காயப்படுத்தியது. ஒருவரிடமிருந்து காட்டைப் பறித்தது. இன்னொருவரைக் கொண்டுவந்து, அந்தக் காடு இருந்த இடத்தில் உரிமையற்றவராக நிறுத்தியது. கண்டி விவசாயியின் குறை உண்மையானது. அதை மறைத்துவிட்டு மலையகத்தின் நியாயத்தைப் பேச முடியாது. ஆனால் பறித்தவன் கொழுந்துக் கூடை சுமந்தவனா?

சுதந்திர இலங்கை இந்தக் குழப்பத்தை வேறு வழியில் தீர்த்தது. 1948-ன் குடியுரிமைச் சட்டம் மலையகத் தமிழரில் மிகப் பெரும்பாலோரை நாடற்றவராக்கியது. அடுத்த ஆண்டு வாக்குரிமையும் போனது. 1964-ல் சிறிமாவோ–சாஸ்திரி ஒப்பந்தம் 5,25,000 பேரை இந்தியாவுக்கும் 3,00,000 பேரை இலங்கைக்கும் என்று எண்ணிப் பிரித்தது. மீதி 1,50,000 பேரை 1974-ல் ஆளுக்குப் பாதியாகப் பகிர்ந்துகொண்டார்கள். பங்கு போடப்பட்டவர்களை யாரும் கேட்கவில்லை.

நிலச் சீர்திருத்தம் வந்தது இந்த நடுவில்தான். 1971-ல் தெற்கின் சிங்கள இளைஞர்கள் ஆயுதம் ஏந்தி எழுந்தார்கள். நிலமின்மையும் வேலையின்மையும் அதன் பின்னால் இருந்தன. 1972-ல் சிறிமாவோ அரசு, தனியார் வைத்திருக்கக்கூடிய நிலத்துக்கு 50 ஏக்கர், நெல் வயலானால் 25 ஏக்கர் என்று உச்சவரம்பு வைத்தது. ஏறத்தாழ 5,60,000 ஏக்கர் அரசின் கைக்கு வந்தது. கம்பெனித் தோட்டங்களை முதல் சட்டம் தொடவில்லை. 1975-ன் திருத்தம் அவற்றையும் எடுத்தது. அது இன்னும் 4,20,000 ஏக்கர் அளவுக்கு. அந்நியர் கையில் இருந்த மலைகள் நாட்டுக்குத் திரும்பிய நாள் அது. அதில் எனக்குச் சந்தேகம் இல்லை.

ஆனால் பெரும்பகுதி நிலம் நிலமற்றவரிடம் போகவில்லை. ஜனவசம, மக்கள் பெருந்தோட்ட அபிவிருத்திச் சபை, அரச பெருந்தோட்டக் கூட்டுத்தாபனம் போன்ற அரசு அமைப்புகளிடம் போனது. துரையின் பங்களாவில் அரசு அதிகாரி குடியேறினார். விடிகாலையில் பிரட்டுக்களத்தில் பேர் கூப்பிடுவது அப்படியே நடந்தது.

நிலம் பிரித்துக் கொடுக்கப்பட்ட இடங்களில், குறிப்பாகக் கண்டி, மாத்தளைப் பக்கங்களில், பக்கத்துக் கிராமத்தார் பெற்றார்கள். தலைமுறைகளாக அதே மண்ணில் வேலை செய்தவர்கள் வேலையை இழந்தார்கள். பலர் லயத்தைவிட்டே விரட்டப்பட்டார்கள். குடியுரிமையே இல்லாதவர் காணி கேட்டு எந்த மேசையின் முன்னால் நிற்பது? 1973, 74-ல் உணவுத் தட்டுப்பாடும் சேர்ந்துகொண்டது. தோட்டங்களில் பட்டினிச் சாவுகள் நடந்தன. மலை நகரங்களின் தெருக்களில் தோட்டக் குடும்பங்கள் கையேந்தி நின்றன. பலர் வவுனியாவுக்கும் கிளிநொச்சிக்கும் போனார்கள். பலர் கப்பலேறி இராமேஸ்வரம் வந்தார்கள். அப்படி வந்தவர்களுக்காக நீலகிரியில் தமிழக அரசு தேயிலைத் தோட்டம் போட்டது. அங்கேயும் வேலையோடு ஒட்டிய குடியிருப்புதான்; ஓய்வு பெற்றால் காலி செய்ய வேண்டும்.

காணி இல்லை என்பது அன்றாடத்தில் எப்படி இருக்கும்? லயத்துக் காம்பராவில் பிறந்து வளர்ந்து பேரன் எடுத்தவருக்கும் அந்தச் சுவர் சொந்தமில்லை. முன்னால் ஒரு தாழ்வாரம் இறக்க நிர்வாகத்தைக் கேட்க வேண்டும். கதவிலக்கம் இல்லாததால் கடிதம் தோட்ட அலுவலகம் வழியாக வரும். ஈடு வைக்கப் பத்திரம் இல்லாததால் வங்கிக் கடன் இல்லை. 2014 அக்டோபர் 29 காலையில் கொஸ்லாந்தை மீரியபெத்தையில் மலை சரிந்து லயங்களை மூடியது. அங்கே ஆபத்து இருக்கிறது என்பது முன்பே தெரிந்த செய்தி. ஆனால் வேறிடம் போக, வேறிடம் என்று ஒன்று வேண்டுமே!

1992-ல் தோட்ட நிர்வாகம் மறுபடி கம்பெனிகளிடம் போனது. நிலம் அரசுடையது, குத்தகை கம்பெனியுடையது, உழைப்பு மட்டும் தொழிலாளியுடையது. 2003-ல் ஒரு சட்டம், நாடற்றவராக மிச்சம் இருந்தவர்களுக்குக் குடியுரிமை கொடுத்தது. நெடுங்காலப் போராட்டத்துக்குப் பிறகு ஒரு வாக்குறுதியும் வந்தது: குடும்பத்துக்கு 7 பேர்ச் காணி, அதில் ஒரு தனி வீடு.

160 பேர்ச் ஓர் ஏக்கர். 7 பேர்ச் நம் கணக்கில் நாலரை சென்ட்டுக்கும் குறைவு. கேரளத்தின் குடிகிடப்புக்காரருக்குச் சட்டம் அனுமதித்ததில் பாதி கூட இல்லை. அதில் ஒரு வீடு நிற்கும். ஒரு முருங்கையும் நாலு பாத்தியும் இருக்கும். வீடு தேவைதான், பத்திரம் அதைவிடத் தேவை. இந்தக் காணிக்காகப் பாடுபட்டவர்களை நான் குறைத்துச் சொல்ல மாட்டேன். ஆனால் 7 பேர்ச்சில் குடியிருக்கலாம், பிழைக்க முடியாது. பிழைப்புக்கு மறுபடியும் பிரட்டுக்களத்தில்தான் நிற்க வேண்டும்.

தேயிலை நிலத்தைத் துண்டாக்கினால் தொழில் அழியும் என்று சொல்வார்கள். இலங்கைத் தேயிலையில் பெரும்பங்கு இன்றைக்கு எங்கிருந்து வருகிறது? காலி, மாத்தறை, இரத்தினபுரிப் பக்கத்துச் சிறுதோட்டக்காரர்களிடமிருந்து. ஓர் ஏக்கரும் அரை ஏக்கரும் வைத்திருப்பவர்கள் அவர்கள். கொழுந்தைக் கிள்ளித் தொழிற்சாலைக்கு விற்கிறார்கள், தொழில் அழியவில்லை. தெற்கில் ஒரு குடும்பம் செய்வதை மலையகத்தில் ஒரு குடும்பம் ஏன் செய்யக்கூடாது? செடியின் குணமும் மண்ணின் குணமும் அவர்களைவிட யாருக்குத் தெரியும்?

நிலச் சீர்திருத்தம் என்பது பழைய பட்டாவில் பெயரை அடித்து அரசின் பெயரை எழுதுவதோடு முடிந்துவிடக் கூடாது. அந்த மண்ணில் குனிந்து நிற்பவர் நிமிர்ந்து பார்க்கும்போது, ‘இது என்னுடையது’ என்று சொல்லும்படி ஆக வேண்டும். கண்டி விவசாயிக்கும் அது வேண்டும். லயத்துப் பெண்ணுக்கும் வேண்டும். இரண்டையும் எதிரெதிரே நிறுத்தியதால்தான் டெவனில் துப்பாக்கி வெடித்தது.

இந்தக் கட்டுரை முழுக்கக் கேரளத்தை அளவுகோலாக வைத்தேன். அந்த அளவுகோலிலும் ஒரு விரிசல் உண்டு. கேரளச் சட்டம் தோட்டங்களுக்கு விலக்கு அளித்தது. 2020 ஆகஸ்டில் மூணாறுக்கு அருகே பெட்டிமுடியில் மலை சரிந்தபோது, மண்ணுக்குள் போன 70 பேரில் பெரும்பாலோர் தமிழர்கள். அவர்கள் குடியிருந்ததும் லயங்களில்தான். அடுத்த வாரம் அங்கே போவோம்.

(தொடரும்)