வலை காயும் மணலில் ஒரு ஊதாப் பூ

பழவேற்காட்டுக்கு வருகிறவர்கள் பூநாரையைத் தேடி ஏரியின் தொலைவையே பார்க்கிறார்கள். பைனாகுலரை இறக்கிவிட்டு, குப்பங்களில் வலை காயப்போடும் மணல்மேட்டின் ஓரத்தையும் ஒருமுறை பார்க்க வேண்டும். முழங்கால் உயரம்கூட இல்லாத மெலிந்த செடி, அதன் உச்சியில் குங்குமப் பொட்டளவில் ஊதாப் பூக்கள். இதுதான் பூவாங்குறுந்தல். நெய்ச்சட்டிக்கீரை, சீதேவி செங்கழுநீர் என்றும் சொல்வார்கள்.

ஆங்கிலத் தாவர நூல்கள் இதைச் சாம்பல் நிற ஃப்ளீபேன் என்று குறிக்கின்றன. ஃப்ளீபேன் என்பது தெள்ளுப்பூச்சியை விரட்ட ஐரோப்பியர்கள் உலர்த்திப் புகைபோட்ட செடிகளுக்குப் பொதுப்பெயர். எல்லாம் சூரியகாந்திக் குடும்பத்தைச் சேர்ந்தவை. 1753-இல் லின்னேயஸ் நம் செடியையும் அந்தக் கூட்டத்திலேயே, கோனிசா என்ற பேரினத்தில் வைத்தார். பிறகு வெர்னோனியா ஆனது. 1990 முதல் சயாந்திலியம் சினெரியம். அசல் ஃப்ளீபேனான எரிஜெரானைப் பார்க்க வேண்டுமென்றால் கொடைக்கானலுக்கோ ஊட்டிக்கோ போகலாம். அங்கே கற்சுவர் இடுக்குகளில் வெள்ளையும் இளஞ்சிவப்புமாகப் பூத்துத் தொங்குவது மெக்சிகோவிலிருந்து வந்த எரிஜெரான்.

பூவாங்குறுந்தலை அடையாளம் காண பத்து மடங்கு உருப்பெருக்கும் கைலென்ஸ் ஒன்று போதும். தண்டைத் தொட்டால் நீளவாக்கில் வரிவரியாக மேடு தட்டுப்படும். மேலே சாம்பல் பூசியதுபோல நுண்ணிய மயிர். இலைகள் எதிரெதிராக இல்லாமல் மாறிமாறி அமைந்திருக்கும். கீழே அகலமாகவும் மேலே போகப்போகச் சிறுத்தும் இருக்கும். ஒரு பூ என்று நாம் நினைப்பது உண்மையில் ஏறக்குறைய இருபது பூக்களின் கொத்து. எல்லாமே சிறு குழாய்கள், ஒவ்வொன்றின் வாயிலும் ஐந்து மடல்கள். சூரியகாந்திக்கு இருப்பதுபோல ஓரத்தில் இதழ் வரிசை கிடையாது. சில நாளில் ஊதா வெளுத்து, அந்த இடத்தில் வெள்ளைப் பஞ்சு விரியும்.

அதே மணலில் படரும் இன்னொரு செடியால்தான் குழப்பம் வரும். வெட்டுக்காயப்பூண்டு என்றும் மூக்குத்திப்பூ என்றும் சொல்கிற ட்ரைடாக்ஸ் அது. அதற்கும் பஞ்சு உண்டு. ஆனால் இலைகள் எதிரெதிராகவும், அரம்போல் பல்வெட்டோடும் சொரசொரப்பாகவும் இருக்கும். தண்டு தரையில் ஊர்ந்து கணுவுக்குக் கணு வேர் விடும். ஒரு சாண் நீளக் காம்பின் நுனியில் ஒற்றைப் பூக்கொத்து. நடுவில் மஞ்சள், ஓரத்தில் நுனி மூன்றாகப் பிளந்த வெளிர் இதழ்கள். இது மத்திய அமெரிக்காவிலிருந்து வந்து குடியேறியது. பூவாங்குறுந்தல் ஆசியாவுக்கும் ஆப்பிரிக்காவுக்கும் சொந்தம்.

ஏரியின் உப்புச் சேற்றில் இவை இரண்டும் நிற்காது. அங்கே உமிரிதான் ராஜா. கடல் பக்கத்து மணலை அடும்பும் இராவணன் மீசைப் புல்லும் பிடித்துக்கொள்ளும். இரண்டுக்கும் நடுவே, ஐப்பசி கார்த்திகை மழை உப்பைக் கழுவி இறக்கிய மேட்டு மணல்தான் இந்தச் சிறு பூக்களின் இடம். ஒரு நிபந்தனையும் உண்டு: வெட்டவெளி வேண்டும். ட்ரைடாக்ஸ் விதை வெளிச்சம் பட்டால்தான் நன்றாக முளைக்கும். மண்ணுக்குள் ஆழப் புதைந்தால் தலைகாட்டாது. வலையை இழுத்துப் போட்டு உலர்த்தி, படகைக் கரையேற்றி, நாள்தோறும் மிதித்துப் புழங்கும் நிலத்தில் உயரமான புதர் எழும்ப முடிவதில்லை. அந்த வெளிச்சத்தில்தான் இவை வாழ்கின்றன. மீனவர்களின் உழைப்பே இந்தப் பூக்களுக்கு இடம் ஒழித்துக் கொடுக்கிறது என்பேன். புழக்கம் நின்று சீமைக்கருவேலம் மூடிவிட்ட மேட்டில் இவற்றைத் தேடிப் பயனில்லை.

பஞ்சு பறக்கும் விதம் தனி அதிசயம். இதே குடும்பத்து டான்டெலியன் விதையை எடின்பரோ பல்கலைக்கழகத்தார் காற்றுச் சுரங்கத்தில் மிதக்கவிட்டு ஆராய்ந்து 2018-இல் வெளியிட்டார்கள். பஞ்சு இழைகளின் இடைவெளி வழியே நுழையும் காற்று, விதைக்கு மேலே ஒரு சுழல் வளையமாகத் தங்கிவிடுகிறது. பஞ்சைத் தொடாமலே அதன்மேல் நிற்கும் அந்த வளையம், விதை விழும் வேகத்தைக் குறைக்கிறது.

பூவாங்குறுந்தலின் கதையில் டச்சுக்காரர்களும் வருகிறார்கள். பழவேற்காட்டுக்கு அவர்கள் 1609-இல் வந்தார்கள். 1613-இல் கெல்ட்ரியா கோட்டை எழுந்தது. இங்கிருந்து அவர்கள் துணி ஏற்றுமதி செய்துகொண்டிருந்த அதே நூற்றாண்டில், கொச்சியில் ஆளுநராக இருந்த டச்சுக்காரர் வான் ரீடு, உள்ளூர் வைத்தியர்களைக் கொண்டு மலபார் தாவரங்களைத் தொகுத்தார். 1678 முதல் 1693 வரை ஆம்ஸ்டர்டாமில் 12 தொகுதிகளாக வெளிவந்த ‘ஹோர்த்தூஸ் மலபாரிக்கூஸ்’ நூலில் பூவாங்குறுந்தலும் படத்தோடு இருக்கிறது. கேரளத்தில் இன்றும் தசபுஷ்பங்கள் எனப்படும் பத்துப் பூக்களில் இதுவும் ஒன்று.

மழை ஓய்ந்து தை பிறந்ததும் இவற்றைத் தேடலாம். பூநாரை காட்ட அழைத்துப் போகும் படகுக்காரர்கள் ஏறுவதற்கு முன் இந்த மேட்டையும் காட்டினால், பயணிகள் பார்க்க இன்னும் ஒன்று கூடும். வலைக்கூடமும் மீன் இறக்கும் தளமும் கட்டுவது குப்பங்களுக்குத் தேவைதான். சிமென்ட் போடும்போது ஓரத்தில் இரண்டடி மணலை மட்டும் அப்படியே விட்டுவைத்தால் போதும்.