ஒரு நாள் குறைந்ததாம்! ஓராண்டு உழைப்புப் போனதாம்!

தோழர்களே!

சூளகிரிப் பக்கத்துத் தக்காளித் தோட்டத்திலே காலை முதல் குனிந்த இடுப்பு நிமிராமல் பறித்தவள், பொழுது சாய்ந்ததும் கூலி கேட்கிறாள். "கூலி நாளைக் காலையில்தான். நாளைக்கு நீ வேலைக்கு வரமாட்டாய். ஆகவே உனக்குக் கூலி இல்லை" என்று தோட்டக்காரர் சொன்னால், ஊர் சும்மா இருக்குமா? சந்தி சிரிக்காதா?

அந்தச் சந்தி சிரிக்கும் வாதத்தைத்தான், சட்டப் புத்தகத்தைக் கையில் வைத்துக்கொண்டு, அரசாங்க இலாகாக்கள் பல்லாண்டு பேசின!

ஓராண்டு ஒழுங்காக உழைத்த ஊழியருக்கு ஆண்டு ஊதிய உயர்வு உண்டு. 2006-ஆம் ஆண்டின் ஊதிய மாற்றத்தோடு, மத்திய அரசு ஊழியர் அனைவருக்கும் அதற்கு ஜூலை 1 என்று ஒரே நாள் வைத்தார்கள். தமிழ்நாட்டில் ஜனவரி, ஏப்ரல், ஜூலை, அக்டோபர் மாதங்களின் முதல் நாள். ஆனால், ஓய்வு பெறுவது மாதத்தின் கடைசி நாளில்! ஜூன் 30 மாலை மாலை போட்டு அனுப்புகிறார்கள். மறுநாள் ஜூலை 1. "நீர்தான் நேற்றோடு ஊழியர் இல்லையே, உமக்கு ஏது உயர்வு?" என்கிறார்கள். முன்னூற்று அறுபத்தைந்து நாள் உழைப்பை ஒரே ஒரு நாள் விழுங்கிவிட்டது!

ஒரு உயர்வுதானே என்று எண்ணாதீர். அடிப்படைச் சம்பளம் 50,000 என்று வைத்துக்கொள்ளுங்கள். 3 விழுக்காடு உயர்வு 1,500. பழைய ஓய்வூதியத் திட்டத்தில் அதில் பாதி, மாதம் 750. ஆண்டுக்கு 9,000. இருபது ஆண்டு வாழ்ந்தால் 1,80,000. அகவிலைப்படி தனி. மருந்துக்கும் பேரப்பிள்ளைக்கும் ஆகும் காசு அது!

இதை முதலில் தட்டிக்கேட்டவர்களிலே தமிழ்நாட்டு ஊழியர் ஒருவர் உண்டு. 2002 ஏப்ரல் 1 முதல் 2003 மார்ச் 31 வரை முழு ஆண்டு உழைத்து, அன்றே ஓய்வு பெற்றவர். "உழைத்த ஆண்டின் உயர்வு அவருக்குச் சேர்ந்ததே" என்று 2012 செப்டம்பர் 20-இல் சென்னை உயர்நீதிமன்றம் உறுதி செய்தது. 2014 டிசம்பர் 31-இல் தமிழக நிதித்துறை அரசாணை 311 வெளியிட்டது: உயர்வு நாளுக்கு முந்தைய நாள் ஓய்வு பெறுவோருக்கு, ஓய்வூதியக் கணக்குக்காக ஓர் உயர்வு சேர்க்கப்படும். 2017 செப்டம்பர் 15-இல், ஜூன் 30 அன்று ஓய்வு பெற்ற மத்திய அரசு அதிகாரி ஒருவருக்கும் அதே உயர்நீதிமன்றம் அதே நீதியை வழங்கியது.

இனி, ஓசூர்த் தோழர்கள் ஜூஜூவாடியைத் தாண்டி அத்திப்பள்ளிப் பக்கம் பாருங்கள். கர்நாடக மின் கடத்தல் கழகத்தின் ஊழியர்களும் இதே உரிமையைக் கேட்டார்கள். உயர்நீதிமன்றத்தில் முதலில் தோற்றார்கள், மேல்முறையீட்டில் வென்றார்கள். கழகம் விடவில்லை. டில்லி வரை போயிற்று! அங்கே அது வைத்த வாதம் என்ன தெரியுமா? "ஊதிய உயர்வு என்பது வரும் ஆண்டில் நன்றாக உழைக்கத் தரும் ஊக்கம். போகிறவருக்கு ஊக்கம் எதற்கு?"

உச்சநீதிமன்றம் 2023 ஏப்ரல் 11-இல் அந்த வாதத்தை ஒதுக்கித் தள்ளியது. உயர்வு, கடந்த ஆண்டின் உழைப்புக்குக் கிடைப்பது. கடைசி நாளிலேயே சம்பாதித்தது. குற்றம் செய்தவனுக்குத் தண்டனையாக உயர்வை நிறுத்தலாம். குற்றமற்றவனிடம் நாட்காட்டியைக் காட்டி நிறுத்த முடியாது!

வெற்றிதான். ஆனால், வெற்றியின் வாலிலே ஒரு பாடம் இருக்கிறது. மத்திய அரசு ஊழியர் விவகாரத்தில் 2025 பிப்ரவரி 20-இல் உச்சநீதிமன்றம் இறுதியாக வகுத்த கணக்கு இது: வழக்காடி வென்று முடித்தவருக்கு, அவர் பெற்ற தீர்ப்பின்படி. வழக்கே போடாதவர்க்கு, 2023 மே 1 முதல்தான் உயர்ந்த ஓய்வூதியம். அதற்கு முந்தைய காலத்து நிலுவை இல்லை. கேட்டவன் பெற்றான், கேளாதவன் இழந்தான். அழுத பிள்ளைக்குத்தான் பால் என்பது சட்டத்துக்கும் பொருந்துகிறது!

ஆகவே, அலுவலகத்திலும் பணிமனையிலும் பள்ளியிலும் பணிபுரியும் தோழர்களே! உங்கள் பணிப்பதிவேட்டைத் திறந்து பாருங்கள். உயர்வு நாள் எது? ஓய்வு நாள் எது? ஒரே பதவியில் பத்தாண்டு ஆனால் தேர்வுநிலை, இருபதாண்டு ஆனால் சிறப்புநிலை என்று தமிழக அரசு ஊழியருக்கு உண்டே, அது பதிவாகியிருக்கிறதா? இல்லையென்றால் இன்றே மனு எழுதுங்கள், பெற்றுக்கொண்டதற்குக் கையொப்பம் வாங்குங்கள், நகலைப் பத்திரப்படுத்துங்கள்.

"அரசாங்க ஊழியன் கதை எனக்கெதற்கு?" என்று சிப்காட் ஆலைத் தோழன் கேட்கலாம். 1972-இல் பணிக்கொடைச் சட்டம் வந்தபோது, ஆண்டொன்றுக்குப் பதினைந்து நாள் ஊதியம் என்று கணக்கு வகுத்ததும் இதே நியாயத்தில்தான். முடித்த வேலைக்கு உரியது முதலாளி போடும் பிச்சையல்ல. நீ சேர்த்து வைத்த சொத்து! கோப்பு தூக்குகிறவனுக்கு ஒரு நீதி, சுத்தியல் தூக்குகிறவனுக்கு ஒரு நீதி என்று இல்லை.

சலுகை என்றால் கொடுப்பவன் மனம் கனியக் காத்திருக்கலாம். இது உரிமை. கணக்கோடு கேளுங்கள், காலத்தோடு கேளுங்கள், கூட்டாகக் கேளுங்கள்!