பேசாமலே பெயர் வாங்கியவர்

பிரான்ஸின் மேற்குக் கடற்கரையில், எக்ஸ் தீவுக்கும் ஒலெரோன் தீவுக்கும் நடுவே, கடலுக்குள்ளிருந்து நேராக எழுந்து நிற்கிறது ஒரு கற்கோட்டை. பெயர் ஃபோர் புவாயார். நெப்போலியன் காலத்தில் தொடங்கிய வேலை 1857-ல்தான் முடிந்தது. அதற்குள் பீரங்கிகளின் வீச்சு கூடிவிட்டதால் கோட்டைக்குப் போரில் வேலையில்லை. கொஞ்ச காலம் சிறைச்சாலையாக இருந்து, பிறகு பாழடைந்தது.

1990-ல் அதற்குள் ஒரு விளையாட்டு நிகழ்ச்சி நுழைந்தது. கோட்டையின் பெயரே நிகழ்ச்சிக்கும். அதன் முதல் ஆண்டிலிருந்தே உள்ளே ஓடியவர், பாஸ்பார்த்து என்ற வேடமேற்ற ஆந்த்ரே பூஷே.

உயரத்தில் மிகச் சிறியவர். கையில் சாவிக்கொத்து. அடுத்த அறை எது என்பது அவருக்குத்தான் தெரியும். அவர் ஓட, போட்டியாளர்கள் மொத்தப் பேரும் பின்னால் ஓடுகிறார்கள்: படிக்கட்டு, மாடித் தாழ்வாரம், மீண்டும் படிக்கட்டு. ஓர் அறைக் கதவருகே நிற்கிறார், திறக்கிறார். ஒருவர் உள்ளே போனதும் வெளியே நீர்க்கடிகாரம் இறங்கத் தொடங்குகிறது. தண்ணீர் தீருமுன் சாவியோடு வெளியே வர வேண்டும். தவறினால் கதவு பூட்டிக்கொள்ளும், அவர் கைதி. சேர்த்த சாவிகளும் துப்புகளும் கடைசியில் தங்கக் காசுகள் கொட்டும் அறைக்குக் கொண்டுபோகின்றன.

இவ்வளவிலும் பாஸ்பார்த்துவுக்கு வசனமில்லை. விடுகதை போடுவது காவல் கோபுரத்திலிருக்கும் வெண்தாடிக் கிழவர் பெர் ஃபூரா. சேகண்டி அடித்தது மொட்டைத்தலைச் சிறைக்காவலர் லா பூல். வழிகாட்டிக்கு இருப்பது நடையும் ஓட்டமும் கையசைப்பும் மட்டுமே. ஆனால் ஆட்டத்தின் வேகத்தைப் பிடித்துவைத்திருப்பது அந்த ஓட்டம்தான். ஓர் அறை முடிந்து அடுத்தது தொடங்கும் இடைவெளியில் பார்ப்பவரின் பரபரப்பு தணியாமல் பார்த்துக்கொள்பவர் அவர்.

இன்னொன்றையும் சொல்ல வேண்டும். உயரம் குறைந்த கலைஞர்களைச் சிரிப்புக்கு மட்டும் பயன்படுத்துவது சர்க்கஸிலும் சினிமாவிலும் நெடுநாள் வழக்கம். இங்கே அது தலைகீழ். கோட்டையை அறிந்தவர் அவர். விளையாட்டு வீரர்களும் நடிகர்களும் மூச்சிரைக்க அவரைப் பின்தொடர வேண்டியவர்கள். ஒரு கலைஞருக்குக் கிடைத்த இந்த மரியாதை கொண்டாடப்பட வேண்டியது.

நிகழ்ச்சி எல்லை தாண்டியும் போனது. ஸ்வீடன், பிரிட்டன் உள்ளிட்ட நாடுகளின் குழுக்கள் இதே கோட்டைக்கு வந்து தங்கள் பதிப்புகளைப் படமாக்கின. பிரெஞ்சுப் பதிப்பில் பிரபலங்கள் வெல்லும் பணம் தொண்டு அமைப்புகளுக்குப் போகிறது.

லா பூலாக நடித்த ஈவ் மார்ஷெஸோ 2014-ல் காலமானார். தொகுப்பாளர்களும் மாறிக்கொண்டே வந்தார்கள். இப்போது நடத்தும் ஒலிவியே மின் 2003-ல் பொறுப்பேற்றார். பூஷே அந்தத் தாழ்வாரங்களில் ஓடத் தொடங்கி அப்போதே 13 ஆண்டுகள் ஆகியிருந்தன.