துரத்தியோரின் வேடம்

நகைச்சுவையையும் கொடுங்கோன்மை பொறுக்காது என்பதற்கு ஜெர்மானிய இயக்குநர் ரைன்ஹோல்ட் ஷுன்ட்செலின் வாழ்வைச் சான்றாகக் காட்டுவோம்.

1888இல் ஹாம்பர்க் நகரில் பிறந்த அவர், ஊமைப்படக் காலத்தில் நடிகராகப் புகழெய்திப் பின்னர் இயக்குநரானார். ஹிட்லர் ஆட்சியேறிய 1933ஆம் ஆண்டிலேயே 'விக்டரும் விக்டோரியாவும்' என்னும் இசை நகைச்சுவைப் படத்தை அளித்தார். வேலையற்ற பாடகி ஒருத்தி, பெண்வேடமிடும் ஆடவனாக நடித்து மேடையேறும் கதை அது.

தாய்வழி யூதராயினும் தனி அனுமதியுடன் தொழில் புரிந்தார். 1935இல் 'ஆம்ஃபித்ரியோன்' படத்தில் கிரேக்கத் தேவர்கோனையே நகைப்புக்கு இடமாக்கினார். ஆட்சியாளரின் இடையூறு மிகவே, 1937இல் தாயகம் துறந்தார்.

அமெரிக்காவில், 1943இல் ஃபிரிட்ஸ் லாங்கின் படமொன்றில் நாஜிக் காவலதிகாரியாக நடித்தார். துரத்தியோரின் வேடமே அவருக்குப் பிழைப்பாயிற்று! போருக்குப்பின் தாயகம் மீண்டு, 1954இல் மூனிக்கில் மறைந்தார்.

துரத்திய ஆட்சி 1945இல் அழிந்தது. அவர்தம் பாடகியின் கதையோ 1982இல் ஆங்கிலப் படமாகவும் மலர்ந்து நம்மைச் சிரிக்க வைக்கின்றது.