வந்தியத்தேவன் தாண்டாத பாலாறு

வாலாஜாபாத்தில் பாலாற்றைக் கடக்கும்போதெல்லாம் எனக்குக் கல்கியின் நாவலில் வரும் வந்தியத்தேவனின் குதிரைதான் நினைவுக்கு வரும். காஞ்சியிலிருந்து ஆதித்த கரிகாலனின் ஓலையோடு தெற்கே போகிறவன், இந்த ஆற்றை எங்கேயாவது தாண்டித்தானே ஆகவேண்டும்? கல்கி அதை எழுதவில்லை. ஆடிப்பெருக்கன்று அவனை வீரநாராயண ஏரிக்கரையில் கொண்டுவந்து நிறுத்தித்தான் 'பொன்னியின் செல்வ'னைத் தொடங்குகிறார். அனுப்பியது யார், எதற்கு என்பதெல்லாம் பிறகு கொஞ்சம் கொஞ்சமாகத்தான் தெரியவரும்.

நாவலைப் படமாக்கியபோது மணிரத்னம் இந்த வரிசையைத் திருப்பிப் போட்டார். போர்க்களமும் கரிகாலனும் முதலில், பயணம் பிறகு. புத்தகம் படிப்பவர் குழம்பினால் நாலு பக்கம் பின்னால் புரட்டிக்கொள்ளலாம். கொட்டகையில் உட்கார்ந்திருப்பவருக்கு அந்த வசதி கிடையாது.

அடுத்தது நீளம். திரைக்கதையில் ஒரு பக்கம் என்றால் திரையில் ஏறக்குறைய ஒரு நிமிடம் என்பது தொழிலில் புழங்கும் உத்தேசக் கணக்கு. 2022, 2023இல் வந்த இரண்டு படங்களும் சேர்ந்து சுமார் ஐந்தரை மணி நேரம். அதாவது 330 பக்கம். நாவலோ ஐந்து பாகம், இரண்டாயிரம் பக்கத்துக்கு மேல். 1950 முதல் 1954 வரை வாராவாரம் வந்த தொடர் என்பதால், அடுத்த வாரம் வரை வாசகரைப் பிடித்துவைக்கும் முடிச்சுகள் அதில் ஏராளம். படத்துக்கு அடுத்த வாரம் இல்லை. முதல் வெட்டு அங்கேதான் விழும்.

ஆனால் நாவலில் வரும் மணிமேகலை என்ற பெண்ணையே படத்திலிருந்து எடுத்துவிட்டார்களே, அது வேறு வகை வெட்டு. நாவல் முடிவதே அவள் சாவில்தான். அந்த ஒரு பெண் போனதும் முடிவையும் புதிதாகக் கட்ட வேண்டியதாயிற்று. திரைக்கதையில் பங்கேற்ற இளங்கோ குமரவேல் 1999லேயே இதே நாவலை மேடைக்காகச் செதுக்கியவர்; எங்கே கைவைத்தால் எது சரியும் என்று அவருக்குத் தெரியாமலா இருக்கும்?

பல பத்தாண்டுகளுக்கு முன்பு எம்.ஜி.ஆரும் இந்த நாவலைப் படமாக்க முயன்றார். திரைக்கதை எழுதும் வேலையை இளைஞர் மகேந்திரனிடம் கொடுத்தார். படம் வரவில்லை. அதே மகேந்திரன் 1979இல் புதுமைப்பித்தனின் 'சிற்றன்னை'யை எடுத்துக்கொண்டு 'உதிரிப்பூக்கள்' செய்தார். அங்கே வேலை நேர் எதிர்: கதை சின்னது, வெட்ட ஒன்றுமில்லை, வளர்க்க வேண்டும். வளர்த்ததில் அது வேறு கதையாகவே ஆகிவிட்டது. யாரும் சண்டைக்குப் போகவில்லை.

எங்கள் பெரியம்மா மட்டும் இன்னும் கேட்டுக்கொண்டிருக்கிறாள்: "மணிமேகலை எங்கேடா?"