லைசன்ஸ் ஏன் திரும்பத் திரும்பக் கேட்கிறது?

மட்டக்களப்பு வாவியை அண்டிய காத்தான்குடி, ஏறாவூர் போன்ற ஊர்களில் கலியாண வீடியோ ஸ்டூடியோ நடத்தும் சகோதரர்கள் அடிக்கடி சொல்லும் முறைப்பாடு இது. பெருநாள் முடிந்து வலீமா வேலைகள் குவிந்திருக்கும். அந்த நேரம் பார்த்து எடிட்டிங் மென்பொருள் லைசன்ஸை உறுதிப்படுத்தச் சொல்லி நின்றுவிடும். உடனே விண்டோஸை அழித்துப் புதிதாகப் போடுகிறார்கள். பல வேளை அது நோயைக் கூட்டும் மருந்து.

காரணம் இதுதான். லைசன்ஸ் என்பது நம் கணனிக்குள் மட்டும் இருப்பதல்ல. எந்தக் கணனியில் அது பாவிக்கப்படுகிறது என்று கம்பனியும் பதிந்து வைத்திருக்கிறது. அடோபி பிரீமியர் புரோவை இரண்டு கணனிகளில்தான் இயக்கி வைக்கலாம். முறையாக வெளியேறாமல் விண்டோஸை அழித்தால், பழைய பதிவு ஓர் இடத்தைப் பிடித்துக்கொண்டிருக்க, அதே கணனி புதிய கணனியாகக் கணக்கிடப்படலாம். ஆகவே அழிக்குமுன் கணக்கிலிருந்து வெளியேறுங்கள். அழித்தாகிவிட்டால், உங்கள் கணக்கினுள் சென்று பழைய கணனியை நீக்குங்கள்.

யாரும் கவனிக்காத இன்னொன்று மணிக்கூடு. கணனியின் மதர்போர்டில் சீஆர்2032 என்ற வட்டப் பெட்டரி ஒன்று உண்டு. அது செத்துவிட்டால், மின்சாரம் போய் வரும்போது திகதி பல வருடம் பின்னுக்குப் போய்விடும். இணையப் பாதுகாப்புச் சான்றிதழ்களுக்குத் தொடக்கத் திகதியும் முடிவுத் திகதியும் இருப்பதால், பிழையான திகதியோடு போகும் கணனியால் கம்பனியுடன் இணைய முடியாது. திரையில் வருவதோ லைசன்ஸ் பிழை! 2022 மார்ச் கடைசியில் நாளுக்கு 13 மணித்தியாலம் வரை மின்வெட்டு இருந்ததே, அப்படியான காலத்தில் இந்தக் கோளாறு வெளியே வரும். காலையில் கணனியைப் போட்டதும் மூலையில் திகதியைப் பாருங்கள். பிழை என்றால் பெட்டரியை மாற்றி, திகதியையும் சரிசெய்யுங்கள்.

முன்பு உடைத்த மென்பொருள் போட்டிருந்த கணனியில், உண்மையான லைசன்ஸ் வாங்கிய பின்னும் தகராறு வரலாம். அந்த உடைப்பு விண்டோஸின் 'ஹோஸ்ட்ஸ்' கோப்பில் எழுதிய வரிகள் கம்பனிக்கான பாதையை அடைத்து வைத்திருக்கும். டெக்னீஷியனிடம் சொல்லி அவ்வரிகளை நீக்குங்கள்.

லைசன்ஸ் யார் பெயரில் இருக்கிறது என்பதையும் பாருங்கள். டெக்னீஷியனின் ஈமெயிலில் வாங்கிவிட்டு, அவர் கட்டாருக்குப் போன பின் உறுதிப்படுத்தும் இலக்கம் அவர் போனுக்குப் போகிறதென்று தவிப்பதில் பயனில்லை. கடையின் ஈமெயிலில் வாங்குங்கள். மாதக் கட்டணம் டொலரில் கழிவதால், கார்ட்டில் பணம் போதுமா என்று முன்கூட்டியே பாருங்கள். 2022இல் ரூபா சரிந்தபோது அதே கட்டணம் ரூபாவில் எவ்வளவு ஏறியதென்று மறந்திருக்க மாட்டீர்கள்.

குறைந்த விலைக்கு 'ஆயுள்கால' லைசன்ஸ் என்று விற்பவர்களிடம் கவனம். ஒரே இலக்கத்தைப் பலருக்கு விற்றால் கம்பனி ஒருநாள் அதை இரத்துச் செய்யும். 2003ஆம் ஆண்டின் 36ஆம் இலக்கப் புலமைச் சொத்துச் சட்டம் கணனி மென்பொருளையும் பாதுகாக்கிறது. 1988 டிசம்பரில் குவைத்தில் கூடிய சர்வதேச இஸ்லாமிய பிக்ஹு அக்கடமியும், ஆக்க உரிமைகள் ஷரீஆ பாதுகாக்கும் உரிமைகள், அவற்றில் அத்துமீறக்கூடாது என்று தீர்மானித்தது.

பணம் இடிக்கிறதென்றால் டாவின்சி ரிசோல்வின் இலவசப் பதிப்பு இருக்கிறது. அதற்கு லைசன்ஸ் இலக்கமே தேவையில்லை, கலியாண வீடியோவுக்குத் தாராளம். நல்ல கிராபிக்ஸ் கார்ட் மட்டும் வேண்டும். பழைய கணனிக்கு ஷொட்கட் இலகுவானது, அதுவும் இலவசம்.